நம்பியவருக்கு ஏன் நேர்ந்தது? துன்பமும் தீமையும் பற்றிய கிறிஸ்தவ விளக்கங்கள்

2021 மே மாத இறுதியில் கோவையின் அன்றாடத் தொற்று எண்ணிக்கை சென்னையைத் தாண்டியது. ஆக்ஸிஜன் படுக்கைக்காக மக்கள் அலைந்த அந்த நாட்களில், கொங்கு மண்டலத்துக் கிறிஸ்தவ வீடுகளில் திரும்பத் திரும்ப வாசிக்கப்பட்டது 91ஆம் சங்கீதம். "பொல்லாப்பு உனக்கு நேரிடாது, வாதை உன் கூடாரத்தை அணுகாது" என்கிறது அது. வாசித்தவர்களில் பலர் பிழைத்தார்கள், பலர் இறந்தார்கள். இறந்தவர்களில் போதகர்களும் இருந்தார்கள்.

பின்னர் எழுந்த பேச்சு இரண்டு வகை. "அவருக்கு விசுவாசம் போதவில்லை" என்றார்கள் சிலர். "கடவுள் இருந்தால் இப்படி நடக்குமா" என்றார்கள் வேறு சிலர். எதிரெதிராகத் தோன்றும் இவ்விரு பேச்சுக்கும் அடிப்படை ஒன்றே. நம்புகிறவனுக்குத் துன்பம் வரக்கூடாது என்று இரு தரப்பும் முடிவு செய்துவிட்டுத்தான் பேசத் தொடங்குகின்றன. கிறிஸ்தவ மறைநூலும் மரபும் உண்மையில் அப்படிச் சொல்கின்றனவா என்பதைப் படிப்படியாகப் பார்ப்போம்.

ஒரு கேள்விக்குள் மூன்று கேள்விகள்

துன்பம் நேர்ந்த வீட்டில் "ஏன்?" என்று கேட்கும்போது அதற்குள் மூன்று வேறுவேறு கேள்விகள் இருக்கின்றன.

1. எது இதை நிகழ்த்தியது? கிருமியா, பலவீனமான அடித்தளமா, குடித்துவிட்டு லாரி ஓட்டியவரா? இதற்கு விடை தேட வேண்டியவர்கள் மருத்துவர், பொறியாளர், காவல்துறை, நீதிமன்றம்.

2. கடவுள் ஏன் இதைத் தடுக்கவில்லை? இது தத்துவத்துக்கும் இறையியலுக்கும் உரிய கேள்வி.

3. இனி நான் எப்படி வாழ்வேன், என்னோடு யார் இருக்கிறார்கள்? இந்தக் கேள்வி வழிபாட்டையும் சபையையும் உறவுகளையும் நோக்கியது.

ஒன்றைக் கேட்டவருக்கு மற்றொன்றின் விடையைக் கொடுப்பதால்தான் பெரும்பாலான குழப்பங்கள் விளைகின்றன. குழந்தையை இழந்த தாய் மூன்றாவது கேள்வியைக் கேட்கிறாள். "கடவுளின் சித்தம்" என்று இரண்டாவதற்கான விடை அவளிடம் நீட்டப்படுகிறது. சாக்கடைக் குழியில் தொழிலாளி இறக்கும்போது எழ வேண்டியது முதல் கேள்வி. அங்கேயும் "விதி முடிந்துவிட்டது" என்கிறார்கள், பொறுப்பானவர் தப்பிவிடுகிறார். இந்த மூன்றையும் பிரித்து வைத்துக்கொண்டால் மேற்கொண்டு வருவது எளிதாகப் புரியும்.

தீமையின் வகைகள்

இறையியல் நூல்கள் தீமையை இரண்டாகப் பிரிக்கும். மனிதர் தெரிந்தே செய்யும் கொலை, வஞ்சனை, சுரண்டல் போன்றவை ஒழுக்கத் தீமை. நிலநடுக்கம், வெள்ளம், புற்றுநோய் போன்றவை இயற்கைத் தீமை. 1755 நவம்பர் 1 அன்று, சகல பரிசுத்தவான்கள் திருநாளில், மக்கள் ஆலயங்களில் கூடியிருந்த வேளையில் லிஸ்பன் நகரத்தை நிலநடுக்கம் அழித்தது. ஐரோப்பியச் சிந்தனையையே அது உலுக்கியது. தமிழ்நாட்டுக்கு அத்தகைய நாள் 2004 டிசம்பர் 26. கிறிஸ்துமஸுக்கு மறுநாள், ஞாயிற்றுக்கிழமை. வேளாங்கண்ணிக் கடற்கரையில் நின்ற திருப்பயணிகளைக் கடல் கொண்டுபோனது. பேராலயத்துக்குள் நீர் புகாததைப் புதுமை, அதாவது அற்புதம், என்று பலர் சாட்சி சொன்னார்கள். அந்தச் சாட்சி கடற்கரையில் பிள்ளையை இழந்தவரின் காதிலும் விழும் என்பதை ஏனோ யாரும் எண்ணிப் பார்க்கவில்லை.

இந்தப் பிரிவினை பயனுள்ளதுதான், ஆனால் கோடு அவ்வளவு தெளிவானதல்ல. 1876 முதல் 1878 வரை நீடித்த தாது வருஷப் பஞ்சத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பருவமழை பொய்த்தது இயற்கை. ஆனால் பஞ்சத்தின் நடுவிலும் தானிய வணிகத்தில் அரசு தலையிடாமல் இருந்ததும், நிவாரணப் பணிக்கு வந்த ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியம் என்ற கணக்கில் கூலியைக் குறைக்க ஆங்கிலேய அதிகாரி சர் ரிச்சர்ட் டெம்பிள் 1877இல் ஏற்பாடு செய்ததும் மனிதர் எடுத்த முடிவுகள். கடும் உழைப்புக்கு அது போதாது என்று சென்னை மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் எதிர்த்து வாதாடினார். 1871 கணக்கெடுப்பில் ஏறத்தாழ 19.7 லட்சமாக இருந்த அன்றைய சேலம் மாவட்டத்தின் மக்கள்தொகை, 1881இல் ஏறத்தாழ 16 லட்சமாகச் சுருங்கியிருந்தது. இதில் எவ்வளவு மழையின் பங்கு, எவ்வளவு மனிதரின் பங்கு?

மூன்றாவதாக ஒரு வகையையும் இருபதாம் நூற்றாண்டு இறையியல் சேர்த்தது. தனி ஒருவரின் கெட்ட எண்ணம் இல்லாமலேயே ஓர் அமைப்பு முழுவதும் சேர்ந்து விளைவிக்கும் தீமை அது. கட்டமைப்புப் பாவம் என்பார்கள். நொய்யல் ஆறு இதற்கு நம் கண்முன் நிற்கும் சான்று. பாசனத்துக்காக 1992இல் முடிக்கப்பட்ட ஒரத்துப்பாளையம் அணை, திருப்பூர்ச் சாயக் கழிவு தேங்கும் குளமாக மாறியது. கீழ்ப்பகுதியில் கிணறுகள் கெட்டன, நிலங்கள் பாழாயின. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாய ஆலைகளை மூட உத்தரவிடும் வரை கழிவு ஓடிக்கொண்டிருந்தது. ஆலைக்காரர், ஏற்றுமதியாளர், வெளிநாட்டு வாங்குபவர், வேலை வேண்டும் என்று வந்த தொழிலாளி, விலை மலிவாகப் பனியன் வாங்கியவர் என்று எல்லாருமே அந்தச் சங்கிலியில் இருந்தார்கள். இவர்களில் எவரும் ஆற்றைக் கொல்ல வேண்டும் என்று திட்டமிட்டவரல்ல.

வாதத்தின் அமைப்பு

கிரேக்கச் சிந்தனையாளர் எபிகூரஸ் எழுப்பியதாக நான்காம் நூற்றாண்டுக் கிறிஸ்தவ எழுத்தாளர் லாக்டான்சியஸ் பதிவு செய்த கேள்விதான் இந்த விவாதத்தின் வேர். கடவுள் தீமையை நீக்க விரும்பியும் இயலாதவரா? இயன்றும் விரும்பாதவரா? இயலும், விருப்பமும் உண்டு என்றால் தீமை எங்கிருந்து வந்தது?

1. 1955இல் தத்துவவாதி ஜே. எல். மேக்கி இதைக் கூர்மையாக்கினார். எல்லாம் வல்லவர், முழுதும் நல்லவர் என்ற இரண்டையும் ஒப்புக்கொண்டபின், தீமையும் உண்டு என்று சொல்வது தர்க்க முரண் என்றார்.

2. கிறிஸ்தவத் தத்துவவாதி ஆல்வின் பிளான்டிங்கா 1974இல் இதற்கு மறுப்பு எழுதினார். உண்மையான சுதந்திரம் உள்ள உயிர்களைப் படைத்துவிட்டு, அவை நல்லதை மட்டுமே தேர்ந்தெடுக்கும்படி கட்டாயப்படுத்துவது முரண். ஆகவே சுதந்திரம் உள்ள உலகில் தீமை நேரிடும் சாத்தியத்தைச் சர்வ வல்லமையாலும் அகற்ற முடியாமல் போகலாம். முரண் இல்லை என்று காட்ட இந்தச் சாத்தியமே போதும். தர்க்க முரண் என்ற குற்றச்சாட்டு இதோடு வலுவிழந்தது என்று நாத்திகத் தத்துவவாதிகளிலும் பலர் ஒப்புக்கொண்டார்கள்.

3. விவாதம் அதோடு நிற்கவில்லை. 1979இல் தத்துவவாதி வில்லியம் ரோ வேறு வழியில் கேட்டார். காட்டுத்தீயில் சிக்கிய மான்குட்டி ஒன்று, யாரும் பார்க்காமல், நாள்கணக்கில் துடித்துச் சாகிறது. இதனால் யாருக்கு என்ன நன்மை? முரண் என்று நிறுவ முடியாவிட்டாலும், இத்தனை வீணான வேதனை கடவுள் இருப்பதற்கு எதிரான சான்று அல்லவா?

ரோவின் கேள்விக்குப் பலரும் தரும் வலுவான பதில் ஒன்று உண்டு. நமக்குக் காரணம் தெரியவில்லை என்பதால் காரணமே இல்லை என்று ஆகிவிடாது என்பது. இது தர்க்கத்தில் சரி. ஆனால் இதைச் சொல்கிறவர் அதற்குப்பின் யாருடைய துன்பத்துக்கும் காரணம் கற்பிக்கும் உரிமையை இழக்கிறார். "கடவுளின் வழிகள் நமக்கு எட்டாதவை" என்று ஒரு மூச்சில் சொல்லிவிட்டு, அடுத்த மூச்சில் "உன்னைப் பாடம் கற்பிக்கத்தான் இந்த விபத்து" என்று சொல்ல முடியாது.

மரபு தந்த பதில்கள்

முதல் பதில் அகுஸ்தீனுடையது (354–430). ஒளியும் இருளும் சமபலமுள்ள இரு சக்திகள் என்று போதித்த மானிக்கேய மதத்தில் இளமையில் சில ஆண்டுகள் இருந்தவர் அவர். அதிலிருந்து வெளியேறியபின் அவர் கண்ட முடிவு, தீமை தனிப் பொருளல்ல, நன்மையின் குறைவு என்பது. கண்ணில் பார்வை இல்லாமல் போவதுபோல, நல்லதாகப் படைக்கப்பட்ட ஒன்றில் இருக்க வேண்டியது இல்லாமல் போவதே தீமை. அந்தக் குறை மனித விருப்பம் திசைமாறியதால் நுழைந்தது. கத்தோலிக்கரும் சீர்திருத்தச் சபையினரும் அடிப்படையில் இன்றும் நிற்பது இந்த இடத்தில்தான்.

இரண்டாம் நூற்றாண்டில் லியோன் நகர ஆயராக இருந்த இரனேயு வேறொரு கோணத்தைத் திறந்தார். மனிதன் முழுமையாகப் படைக்கப்பட்டு வீழ்ந்தவன் அல்லன், முதிர்ச்சியை நோக்கி வளர வேண்டியவன் என்றார். இதை 1966இல் இறையியலாளர் ஜான் ஹிக் விரிவாக்கினார். ஆபத்தே இல்லாத உலகில் துணிவோ இரக்கமோ முளைக்காது என்பது அவர் வாதம். இதில் உண்மை இருக்கிறது. ஆனால் துன்பம் சிலரைப் பக்குவப்படுத்துகிறது, சிலரை நொறுக்கிப் போடுகிறது. மூன்று மாதக் குழந்தைக்கு எந்தப் பக்குவம் வர வேண்டும்? ஹிக் இதை உணர்ந்துதான் மரணத்துக்கு அப்பாலும் வளர்ச்சி தொடரும் என்று சேர்த்துக்கொண்டார்.

மூன்றாவது பதில் இரண்டு உலகப் போர்களுக்குப்பின் வலுப்பெற்றது. 1943இல் ஹாம்பர்க் நகரம் குண்டுவீச்சில் எரிந்தபோது பதினாறு பதினேழு வயது இளைஞராக இருந்த யூர்கன் மோல்ட்மன், தன் அருகில் நின்ற நண்பன் சிதறுவதைப் பார்த்தார். பின்னர் போர்க்கைதி முகாமில்தான் அவருக்கு விவிலியம் அறிமுகமானது. சிலுவையில் "என் தேவனே, என் தேவனே, ஏன் என்னைக் கைவிட்டீர்" என்று கதறியவரில் கடவுளே துன்பத்துக்குள் வந்துவிட்டார் என்பது அவருடைய இறையியலின் மையம். கத்தோலிக்க இறையியலாளர் கார்ல் ரானர் இதை ஏற்கவில்லை. கடவுளும் என்னைப்போலவே சிக்கிக்கொண்டால் என்னை யார் மீட்பது என்பது அவர் எதிர்ப்பின் சாரம். எனக்கு இரண்டுமே தேவையாகத் தோன்றுகின்றன. மோல்ட்மன் மேலே பார்த்த மூன்றாவது கேள்விக்கு விடை தருகிறார், ரானர் இரண்டாவது கேள்வியைக் கைவிடாமல் காக்கிறார்.

கொங்கு நாட்டில் இதைப் பேசும்போது ஒரு வேறுபாட்டைச் சொல்லியாக வேண்டும். முன்வினை என்ற கருத்து, இந்தப் பிறவியில் காரணம் தெரியாத துன்பத்துக்கு முந்தைய பிறவியில் காரணம் காட்டுகிறது. கிறிஸ்தவத்தில் மறுபிறவி இல்லை. எனவே பிறவியிலேயே வரும் துன்பத்தின் முன் கிறிஸ்தவ நம்பிக்கை மறுபிறவியை ஏற்கும் மரபுகளைவிடக் கூடுதலாக வெறுங்கையோடு நிற்கிறது. அந்த வெற்றிடத்தை நிரப்பத்தான் "பரம்பரைச் சாபம்" போன்ற பேச்சுகள் சில ஜெபக்கூட்டங்களுக்குள் நுழைந்திருக்கின்றன என்பது என் கணிப்பு.

துன்பம் தண்டனையா?

இந்தக் கட்டுரையில் அதிகம் நின்று பார்க்க வேண்டிய இடம் இது.

கீழ்ப்படிந்தால் ஆசீர்வாதம், மீறினால் சாபம் என்ற கணக்கு விவிலியத்தில் இருக்கிறது, மறுக்க முடியாது. உபாகமம் 28ஆம் அதிகாரம் முழுவதும் அதுதான். இயேசுவே ஒருவரைக் குணமாக்கிவிட்டு, "அதிக கேடானதொன்றும் உனக்கு வராதபடி இனிப் பாவஞ்செய்யாதே" என்று சொன்னதை யோவான் 5:14 பதிவு செய்கிறது. குடித்தால் ஈரல் கெடும் என்பது போலச் செயலுக்கு விளைவு உண்டு என்ற பொது உண்மை அது. சிக்கல் எங்கே வருகிறது? இதைத் திருப்பிப்போட்டு, "துன்பப்படுகிறான், ஆகவே பாவம் செய்திருக்கிறான்" என்று பின்னோக்கிப் படிக்கும்போது வருகிறது. பின்னோக்கிப் படிப்பதை அதே விவிலியம் மூன்று இடங்களில் நேரடியாக உடைக்கிறது.

1. யோபு. நாற்பத்திரண்டு அதிகாரமுள்ள இந்நூலில், பிள்ளைகளையும் உடைமையையும் இழந்த யோபுவுக்கு ஆறுதல் சொல்ல மூன்று நண்பர்கள் வருகிறார்கள். முதல் ஏழு நாள் அவர்கள் பேசாமல் அவரோடு தரையில் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் செய்த நல்ல காரியம் அது ஒன்றுதான். பிறகு வாய் திறந்து, "நீ ஏதோ தவறு செய்திருக்கிறாய்" என்று பக்கம் பக்கமாக நிறுவுகிறார்கள். யோபுவோ தான் பிறந்த நாளைச் சபிக்கிறார், கடவுளை வழக்குக்கு அழைக்கிறார். கடைசி அதிகாரத்தில் கடவுள் கோபப்படுவது நண்பர்கள்மீது: "என் தாசனாகிய யோபு பேசினதுபோல், நீங்கள் என்னைக்குறித்து நிதானமாய்ப் பேசவில்லை." கடவுளுக்காக வாதாடியவர்கள் குற்றவாளிகளாகிறார்கள், கடவுளோடு வாதாடியவர் நியாயவானாகிறார். நம் இறுதிச் சடங்குகளில் யோபு முதல் அதிகாரத்திலிருந்து "கர்த்தர் கொடுத்தார், கர்த்தர் எடுத்தார்" என்பது தவறாமல் வாசிக்கப்படுகிறது. மூன்றாம் அதிகாரத்தின் கதறல் வாசிக்கப்படுவதில்லை. இது பெரும் இழப்பு.

2. பிறவிக் குருடர். யோவான் ஒன்பதாம் அதிகாரத்தில் சீடர்கள் கேட்கிறார்கள்: இவன் குருடனாய்ப் பிறந்தது இவன் பாவமா, பெற்றவர் பாவமா? இரண்டும் இல்லை என்கிறார் இயேசு. தேவனுடைய செயல்கள் இவனிடத்தில் வெளிப்படும்பொருட்டு என்று அவர் தொடர்வது புதுச் சிக்கலை எழுப்புகிறது என்பது உண்மைதான். ஆனால் அடுத்த வசனமே "பகற்காலமிருக்குமட்டும்" வேலை செய்ய வேண்டும் என்கிறது. உடனே அந்த மனிதருக்குப் பார்வை கொடுக்கப்படுகிறது. யார் குற்றம் என்ற விசாரணை அங்கேயே நிறுத்தப்பட்டு, என்ன செய்வது என்ற பக்கம் பேச்சு திரும்புகிறது.

3. சீலோவாம் கோபுரம். லூக்கா 13ஆம் அதிகாரத்தில் இரண்டு செய்திகள் அடுத்தடுத்து வருகின்றன. ரோம ஆளுநர் பிலாத்து சில கலிலேயரைக் கொன்றது ஒன்று, கோபுரம் இடிந்து பதினெட்டுப் பேர் இறந்தது மற்றொன்று. முன்னது ஒழுக்கத் தீமை, பின்னது விபத்து. எருசலேமில் இருந்த மற்ற எல்லாரையும்விட இவர்கள் குற்றவாளிகள் என்று நினைக்கிறீர்களோ என்று இயேசு கேட்டு, "அப்படியல்ல" என்று மறுக்கிறார். பிறகு, "நீங்கள் மனந்திரும்பாமற்போனால்" என்று உயிரோடு நிற்கிறவர்கள் பக்கம் திரும்புகிறார்.

இந்த மூன்றாவது பகுதியை நம் மண்ணில் வைத்துப் படிக்க வேண்டிய நாள் ஒன்று வந்தது. 2019 டிசம்பர் 2 அதிகாலை, மேட்டுப்பாளையம் நடூரில், கனமழையில் நனைந்த உயரமான சுற்றுச்சுவர் ஒன்று சரிந்து ஓட்டு வீடுகள்மேல் விழுந்தது. பதினேழு பேர் இறந்தார்கள். அவர்கள் தலித் மக்கள். சுவரின் உரிமையாளர் கைது செய்யப்பட்டார். அதைத் தீண்டாமைச் சுவராகக் கருதி வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிய வேண்டும் என்று போராட்டம் எழுந்தது. மழையா காரணம், சுவரா, சுவரை அங்கே அவ்வளவு உயரத்துக்கு எழுப்ப வைத்த சமூகமா? லூக்காவின் பகுதியை ஒழுங்காகப் படித்த கிறிஸ்தவர் எவரும் இறந்தவர்களின் வாழ்க்கையில் காரணம் தேட மாட்டார். மனந்திரும்புதல் கேட்கப்பட்டது நிற்கிறவர்களிடம். கல்லறைத் தோட்டத்திலும் ஆலய இருக்கைகளிலும் சாதியால் பிரிந்து நின்ற வரலாறு தமிழகச் சபைகளுக்கும் உண்டு என்பதால், அந்தக் கேள்வி ஆலயத்துக்குள்ளும் வரத்தான் செய்யும்.

கொல்லிமலையில் பிறந்தவர் வலியைப் பற்றிக் கண்டது

நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலையில் மிஷனரிகளாகப் பணியாற்றிய ஜெஸ்ஸி பிராண்ட், ஈவ்லின் தம்பதியருக்கு 1914இல் பிறந்தவர் பால் பிராண்ட். மகன் இங்கிலாந்தில் படித்துக்கொண்டிருந்த 1929இல், தந்தை மலையில், மலேரியாவால் வரும் கருநீர்க் காய்ச்சலால் இறந்தார். தாய் மலையைக் கைவிடவில்லை. மிஷன் ஓய்வு கொடுத்தபின்னும் தனியாகத் திரும்பி வந்து, 1974இல் தொண்ணூறு வயதைக் கடந்து இறக்கும்வரை மலைவாழ் மக்களிடையே இருந்தார்.

அறுவை மருத்துவரான பால் பிராண்ட் 1946இல் வேலூருக்கு வந்து தொழுநோயாளர்களின் கைகளை ஆராயத் தொடங்கினார். தொழுநோய் சதையை அழுகச் செய்து விரல்களை உதிர்த்துவிடுகிறது என்றே அன்றைக்கு நம்பினார்கள். அவர் கண்டது வேறு. கிருமி நரம்பைத் தாக்கி உணர்ச்சியைப் போக்குகிறது. வலி தெரியாததால் நோயாளி கொதிக்கும் பாத்திரத்தைத் தூக்குகிறார், ஆணி குத்திய காலோடு நடக்கிறார், இரவில் எலி விரலைக் கடித்தாலும் விழிப்பதில்லை. விரல்களைத் தின்றது நோயின் அழுகல் அல்ல, கவனிக்கப்படாத காயம். தசைநாண்களை இடம் மாற்றும் அறுவை சிகிச்சையும், மென்மையான நுண்துளை (எம்.சி.ஆர்.) ரப்பர் செருப்பும் அந்தக் கண்டுபிடிப்பிலிருந்து வந்தன.

இதில் நம் விவாதத்துக்கு இரண்டு பயன்கள் உள்ளன. ஒன்று, உடல்வலி என்பதே தீமை என்ற எண்ணம் தவறு. வலி இல்லாத உடல் தன்னையே அழித்துக்கொள்ளும். வலியைக் கடவுள் தந்த கொடை என்றே பிராண்ட் சொல்லிவந்தார். மற்றொன்று இதைவிட முக்கியமானது. ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகக் கடவுளின் சாபம் என்று ஒதுக்கப்பட்ட நோயில், முதல் கேள்வியான "எது இதை நிகழ்த்தியது" என்பதை ஒருவர் பொறுமையாகக் கேட்டதும் சாபம் என்ற பேச்சுக்கு இடமில்லாமல் போனது. தொழுநோய்க் கிருமியை நார்வே மருத்துவர் ஹான்சன் 1873இலேயே கண்டுபிடித்துவிட்டார் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். அறிவு வந்தபின்னும் சாபக் கதை எத்தனை காலம் நீடித்தது!

எல்லையையும் சொல்ல வேண்டும். வலியின் பயன் எச்சரிக்கை. முற்றிய புற்றுநோயில் எச்சரித்து ஒன்றும் ஆகப்போவதில்லை, ஆனாலும் வலி நிற்பதில்லை. பிராண்டின் விளக்கத்தை அங்கே கொண்டுபோகக் கூடாது. அங்கே தேவை வலி தணிக்கும் மார்பின் மருந்து.

விசுவாசம் பாதுகாப்புக் கவசமா?

முதலில் சொன்ன 91ஆம் சங்கீதத்துக்கு வருவோம். வாக்குறுதியாக நாம் எடுத்துக்கொள்ளும் அந்தச் சங்கீதத்தைப் புதிய ஏற்பாட்டில் ஒருவர் மேற்கோள் காட்டுகிறார். மத்தேயு 4:6இல் ஆலய உச்சியிலிருந்து குதிக்கச் சொல்லும் பிசாசுதான் அவர். இயேசு அந்தச் சங்கீதத்தைப் பொய் என்று சொல்லவில்லை, அதைக் கடவுளைச் சோதிக்கும் கருவியாக்க மறுத்தார்.

மேலும் சில பகுதிகளைச் சேர்த்துப் படிக்கலாம். அப்போஸ்தலர் 12ஆம் அதிகாரத்தில் ஏரோது மன்னன் இயேசுவின் சீடரான யாக்கோபை வாளால் கொல்கிறான். அதே அதிகாரத்தில் பேதுரு சிறையிலிருந்து அற்புதமாக விடுவிக்கப்படுகிறார். யாக்கோபின் விசுவாசம் குறைவு என்று ஒரு வரியும் இல்லை. விசுவாச அதிகாரம் என்று பெயர்பெற்ற எபிரெயர் 11இல், விசுவாசத்தால் பட்டயத்துக்குத் தப்பியவர்களும் பட்டயத்தால் வெட்டப்பட்டவர்களும் ஒரே பட்டியலில் நிற்கிறார்கள். தன் உடலில் இருந்த "முள்", அதாவது தீராத ஒரு வேதனை, நீங்கும்படி மூன்று முறை வேண்டிய பவுலுக்குக் கிடைத்த பதில், "என் கிருபை உனக்குப் போதும்."

கோவையின் சொந்த வரலாற்றிலும் இது உண்டு. 1850இல் கோவையின் முதல் அப்போஸ்தலிக்கப் பதிலாளராக (திருத்தந்தையின் சார்பில் ஒரு பகுதியை நிர்வகிப்பவராக) நியமிக்கப்பட்ட ஆயர் மரியோன் பிரேசியாக், பின்னர் ஆப்பிரிக்காவுக்கென ஒரு மறைபரப்புச் சபையை நிறுவினார். 1859இல் சியரா லியோன் கரையில் இறங்கிய அவர் ஆறு வாரங்களில் மஞ்சள் காய்ச்சலால் இறந்தார். பிரார்த்தனையில் குறை வைத்தவர் என்று அவரை யாராலும் சொல்ல முடியாது.

சபைகளுக்குள் அழுத்தம் மாறுபடுகிறது. பதினேழாம் நூற்றாண்டிலேயே கருமத்தம்பட்டியில் காலூன்றிய கத்தோலிக்க மரபு, தன் துன்பத்தைக் கிறிஸ்துவின் துன்பத்தோடு சேர்த்து ஒப்புக்கொடுக்கக் கற்பிக்கிறது. தவக்காலச் சிலுவைப்பாதை அதன் வடிவம். லண்டன் மிஷன் வழிவந்த தென்னிந்தியத் திருச்சபையில் பெரிய வெள்ளியன்று, சிலுவையில் இயேசு சொன்ன ஏழு வார்த்தைகளைத் தியானிக்கிறார்கள். நான்காவது வார்த்தை கைவிடப்பட்டவரின் கதறல். பெந்தெகொஸ்தே சபைகள் குணமாக்குதலையும் உடனடி விடுதலையையும் எதிர்பார்த்து ஜெபிக்கின்றன. வேலை தேடி திருப்பூருக்கும் கோவைக்கும் வந்து, மருத்துவச் செலவுக்குப் பணமின்றி நின்ற எத்தனையோ குடும்பங்களோடு விடியவிடிய உட்கார்ந்து ஜெபித்தவர்கள் அவர்கள். அதைச் சிறுமைப்படுத்துவது நேர்மையாகாது. ஆனால் அமெரிக்காவில் இருபதாம் நூற்றாண்டில் உருவான "அறிக்கையிட்டால் கிடைக்கும்" (விசுவாசத்தோடு வாயால் சொன்னால் நடந்துவிடும்) என்ற போதனை இதனோடு கலந்தபோது, குணமாகாதவர் தன்னையே குற்றவாளியாகக் காணும் நிலை வந்தது. நோயோடு குற்ற உணர்வையும் சுமக்க வைப்பது கொடுமை. யோபுவின் நண்பர்கள் செய்தது இதுவேதான்.

நடைமுறையில் இதனால் என்ன மாறுகிறது?

1. மருந்தை நிறுத்தச் சொல்லும் எந்த ஜெபமும் மேலே கண்ட மரபுகளில் எதிலும் நிற்காது. ஈரோட்டிலும் தாராபுரத்திலும் மிஷன் மருத்துவமனைகளை எழுப்பியவர்கள் ஜெபித்தவர்கள்தாம். இன்சுலினை நிறுத்துவதும் காசநோய் மாத்திரையைப் பாதியில் விடுவதும் விசுவாசத்தின் அளவுகோல் ஆகாது.

2. மனித காரணம் இருக்கும் இடத்தில் அதைப் பெயர் சொல்லிக் கேட்பது கடவுள் நம்பிக்கைக்கு விரோதமல்ல. ஆற்றில் விட்ட கழிவையும் அஸ்திவாரமில்லாத சுவரையும் "ஆண்டவர் அனுமதித்தார்" என்று முடித்துவைப்பது ஆண்டவர்மேல் பொய்க்குற்றம் சுமத்துவது.

3. சாட்சி சொல்லும் முறை மாற வேண்டும். "எங்கள் பஸ்ஸில் எல்லாரும் இறந்தார்கள், எங்களை மட்டும் கர்த்தர் காப்பாற்றினார்" என்பது நன்றியிலிருந்து வருவதுதான். ஆனால் மற்றவர்களைக் கர்த்தர் கைவிட்டார் என்ற செய்தியும் அதில் ஏறிவிடுகிறது. நன்றி சொல்லலாம், காரணம் சொல்ல வேண்டியதில்லை.

4. "சகலமும் நன்மைக்கு ஏதுவாக நடக்கிறது" என்ற ரோமர் 8:28ஐ எடுப்பவர், சிருஷ்டி முழுவதும் ஏகமாய்த் தவித்துப் பிரசவ வேதனைப்படுகிறது என்ற 22ஆம் வசனத்தையும் அதோடு படிக்க வேண்டும். அந்த நன்மையைப் பவுல் நிறுத்தி வைப்பது உயிர்த்தெழுதலில்; அடுத்த மாதச் சம்பள உயர்வில் அல்ல. துன்பப்பட்டவர்களுக்கு இறுதியில் நீதி கிடைக்கும் என்ற இந்த எதிர்பார்ப்பு இல்லாவிட்டால், கிறிஸ்தவம் தரும் மற்ற எல்லா விளக்கங்களும் சேர்ந்தாலும் ஒரு குழந்தையின் சாவுக்கு ஈடு சொல்லப் போதாது என்றே நினைக்கிறேன். அந்த எதிர்பார்ப்பை நம்ப முடியாதவருக்கு ரோவின் கேள்வி அப்படியே நிற்கும். அவரை வாதத்தால் மடக்கிவிடலாம் என்று எண்ணுவது வீண்.

5. புலம்பலுக்கு வழிபாட்டில் இடம் வேண்டும். சங்கீதங்களில் பெரும்பங்கு முறையீடுகளே. அவற்றில் பலவும் கடைசியில் நம்பிக்கைக்குத் திரும்புகின்றன. 88ஆம் சங்கீதம் திரும்புவதில்லை. முறையீட்டில் தொடங்கி இருளிலேயே முடிகிறது. அதைத் தொகுத்தவர்கள் நீக்காமல் வைத்தார்கள். தற்கொலையிலோ விபத்திலோ ஒருவரை இழந்த குடும்பம் ஞாயிறு ஆராதனைக்கு வரும்போது, எல்லாருக்கும் முன் கைதட்டிப் பாட வேண்டும் என்ற கட்டாயத்தில் நிற்கிறது. அந்த ஞாயிறு அவர்களுக்காக 88ஐ வாசிக்க ஒரு போதகர் துணிந்தால், அன்று யாரும் எழுந்து "ஆனாலும்" என்று தொடங்கி அதற்கு விளக்கம் சொல்லக் கூடாது.